இருநூற்றுப் பதினான்காம் பக்கத்துப் பெயர்

மார்ச் 4

பூதக்கண்ணாடிக்கு,

'அன்புள்ள' என்று ஆரம்பிக்கக் கை வரவில்லை. போனில் பேசேன் என்றார் உன் அண்ணன். போனில் பேசினால் நான் அழுதுவிடுவேன், நீ 'சரி அண்ணி' என்று வைத்துவிடுவாய். காகிதத்தில் இருந்தால்தான் எதையும் ஒழுங்காகப் படிப்பவள் நீ. அதனால் படி.

ஞாயிற்றுக்கிழமை என் வீட்டுக் கூடத்தில் பதினான்கு பேர் இருந்தார்கள். ஐந்து மாதமாகப் பாப்பா பாப்பா என்றே கூப்பிட்டு வந்த பிள்ளைக்கு என்ன பெயர் என்று அன்றைக்குத்தான் எல்லோருக்கும் சொன்னோம். எங்கள் கண்ணாடிக் கடையில் ஃப்ரேம் பொருத்துகிறவர், பெயரையும் அதற்குக் கீழே பொருளையும் தன் கையால் எழுதி, சட்டம் போட்டுக் கொண்டுவந்திருந்தார். எல்லோரும் கை தட்டினார்கள். நீ மட்டும் கிட்டே போய், மூக்குக்கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றிவிட்டு, இரண்டு தடவை படித்தாய். பிறகு அத்தனை பேர் நடுவில், "இப்படி ஒரு பேரே கிடையாது அண்ணி" என்றாய். பையை எடுத்துக்கொண்டு கிளம்பிவிட்டாய். உனக்குப் போட்டுவைத்த தட்டு அப்படியே இருந்தது.

என் அம்மா அந்தச் சட்டத்தைச் சுவர்ப்பக்கம் திருப்பி வைத்துவிட்டார். கடைக்கு வருகிறவர்களிடம் நாள் முழுக்க 'இந்த வரி தெரிகிறதா, இது தெரிகிறதா' என்று கேட்டுக்கொண்டிருக்கிறவள் நான். எனக்கு இப்போது எதிரில் இருக்கிறவர்கள் முகமே தெரியவில்லை, அவ்வளவு ஆத்திரம்.

அந்தப் பெயர் எங்கிருந்து வந்தது தெரியுமா? உன் புத்தகத்திலிருந்து. உங்கள் பதிப்பகம் போட்ட அதே குழந்தைப் பெயர்ப் புத்தகம், பக்கம் 214, மேலிருந்து நான்காவது. 'மீண்டும் வருகிறவள். பழைய ஆற்றங்கரை மக்களின் பேச்சிலிருந்து வந்த பெயர்.' முன்பக்கத்தில் சரிபார்த்தவர் என்று உன் பெயரைப் போட்டிருக்கிறார்கள். என் நாத்தனார் சரிபார்த்த புத்தகத்திலிருந்துதான் என் பிள்ளைக்குப் பெயர் என்று உன்னை ஆச்சரியப்படுத்த நினைத்து, உன்னிடம் மட்டும் மறைத்து வைத்தேன். புத்தியைச் செருப்பால் அடித்துக்கொள்ள வேண்டும்.

முதல் பிள்ளையை இழந்தவளுக்கு 'மீண்டும் வருகிறவள்' என்று ஒரு பெயர் கண்ணில் பட்டால் எப்படி இருக்கும் என்று உனக்குத் தெரியாது. தெரிய வேண்டாம். ஆனால் பெயரே கிடையாது என்று எந்த ஆதாரத்தில் சொன்னாய், அதை மட்டும் எழுது. அந்தப் பெயரை நான் இந்தக் கடிதத்தில் எழுதவில்லை. எழுதினால் அதன் கீழும் சிவப்பு மையில் கோடு போடுவாய்.

உன் அண்ணி


மார்ச் 8

அன்புள்ள அண்ணிக்கு,

பதினான்கு பேர் முன்னால் சொன்னது தப்பு. அதற்கு மன்னிப்புக் கேட்கிறேன். சொன்ன விஷயத்துக்கு மன்னிப்புக் கேட்க முடியாது, ஏனென்றால் அது சரி.

இப்போது அதே புத்தகத்தின் புதுப் பதிப்பு என் மேசையில் இருக்கிறது. போன தடவை எழுத்துப்பிழை மட்டும்தான் பார்க்கச் சொன்னார்கள், பொருளைச் சரிபார்ப்பது இந்தத் தடவைதான். நாலாயிரத்து இருநூறு பெயர்கள். ஒவ்வொன்றுக்கும் இரண்டு சான்று வேண்டும். ஏதாவது ஒரு அகராதி, ஒரு பழைய பதிவேடு, அந்த மொழி தெரிந்த ஒரு ஆள் என்று ஒன்றையொன்று பார்த்து எழுதாத இரண்டு இடங்கள். இரண்டும் ஒத்துப்போனால் பச்சை, ஒன்றுதான் என்றால் பென்சில், ஒன்றுமே இல்லை என்றால் சிவப்பு. இதுவரை தொள்ளாயிரத்துக்கு மேல் சிவப்பு போட்டாயிற்று. எனக்கு முன்னால் இருந்தவர் ஒரு மூன்றெழுத்துப் பெயருக்கு 'அதிகாலைப் பனியில் நனைந்த முதல் மலரின் நாணம்' என்று பொருள் எழுதி வைத்திருக்கிறார். மூன்று எழுத்துக்குள் பனி எங்கே, மலர் எங்கே, நாணம் எங்கே? அந்தப் பெயரோடு இப்போது எத்தனை பிள்ளைகள் பள்ளிக்கூடம் போகின்றனவோ.

உங்கள் கோபம் எனக்குப் புரிகிறது. ஆனால் ஒரு பெயரின் பொருளை நம்பி ஒரு தாய் அதைத் தேர்ந்தெடுக்கிறாள் என்றால், அந்தப் பொருள் நிஜமாக இருக்க வேண்டும் இல்லையா? பக்கம் 214-இல் இருக்கும் நான்காவது பெயருக்குச் சான்று கிடையாது. அது எனக்கு நிச்சயமாகத் தெரியும். எப்படித் தெரியும் என்று மட்டும் கேட்காதீர்கள், சொல்லும் நிலையில் நான் இல்லை. பதிவு அலுவலகத்தில் இன்னும் கொடுக்கவில்லை என்றால் கொடுக்க வேண்டாம். வேறு பெயர் பார்க்கலாம், நான் உதவி செய்கிறேன்.

பாப்பாவுக்கு என் முத்தம்.


மார்ச் 15

பூதக்கண்ணாடிக்கு,

'எப்படித் தெரியும் என்று கேட்காதீர்கள்.' யாருக்குக் காது குத்துகிறாய்? ஊருக்கெல்லாம் இரண்டு சான்று கேட்கிற நீ, உன் வாய்ச்சொல்லை மட்டும் நான் அப்படியே நம்ப வேண்டுமாக்கும்.

நானும் சரிபார்த்தேன். பிள்ளையைத் தோளில் போட்டுக்கொண்டு, மதியச் சாப்பாட்டு நேரத்தில் மூன்று நாள் நூலகத்துக்கு நடந்தேன். அங்கே இருக்கிற அம்மா எங்கள் கடையில்தான் கண்ணாடி வாங்கியவர், குழந்தைப் பெயர்ப் புத்தகம் ஒன்று விடாமல் எடுத்துக் கொடுத்தார். கேட்டுக்கொள். உன் புத்தகத்தைத் தவிர இன்னும் மூன்று புத்தகத்தில் அந்தப் பெயர் இருக்கிறது. மூன்றும் வேறு வேறு பதிப்பகம். மூன்றிலும் 'மீண்டும் வருகிறவள்'. ஒன்றில் ஆற்றங்கரை மக்கள் என்று இருக்கிறது, இன்னொன்றில் 'தொன்மையான படகோட்டிகளின் மொழி' என்று இன்னும் விவரமாக இருக்கிறது. மூன்றாவதில் அந்தப் பெயரில் ஒரு அரசி இருந்ததாகவே போட்டிருக்கிறார்கள். பக்க எண்களை ஒரு சீட்டில் தனியாக எழுதி இதோடு வைத்திருக்கிறேன்.

நீ இரண்டு கேட்டாய், நான் மூன்று கொடுத்துவிட்டேன். அரசி வேறு. இப்போது என்ன நிறம் போடப்போகிறாய்?

உண்மையைச் சொல்லட்டுமா? உனக்கு அந்தப் பெயர் பிடிக்கவில்லை, அவ்வளவுதான். உன்னைக் கேட்காமல் வைத்துவிட்டோம் என்ற குறை. உன் அண்ணன் பாவம், இரண்டு பக்கமும் தலையாட்டிக்கொண்டு இருக்கிறார். "அவ சொன்னா ஏதாவது இருக்கும்மா" என்கிறார். அந்த ஏதாவதை எழுது, அல்லது என் அம்மாவிடம் வந்து உன் வாயால் தப்பு என்று சொல். ஆறு மாதம் முடிவதற்குள் பெயரைப் பதிய வேண்டும், ஏப்ரல் பத்தோடு கெடு முடிகிறது. இந்தப் பெயரைத்தான் கொடுக்கப்போகிறேன்.

உன் அண்ணி


மார்ச் 19

அன்புள்ள அண்ணிக்கு,

சீட்டு கிடைத்தது. அதைப் பார்த்ததும் சிரிப்பதா தலையில் அடித்துக்கொள்வதா என்று தெரியவில்லை. நான் இதைச் சொல்லக் கூடாது. சொன்னது தெரிந்தால் வேலை போகும். ஆனாலும் அந்த அரசியைப் படித்த பிறகு வாயை மூடிக்கொண்டு இருக்க முடியவில்லை.

பெயர்ப் புத்தகம் போடுகிறவர்கள் ஒருவரை ஒருவர் பார்த்து எழுதுவது எங்கள் தொழிலில் எல்லோருக்கும் தெரிந்த திருட்டு. பெயர்கள் பொதுச்சொத்து, யார் யாரிடமிருந்து எடுத்தார்கள் என்று நிரூபிக்க முடியாது. அதனால் எங்கள் ஆசிரியர் ஒரு வழக்கம் வைத்திருக்கிறார். ஒவ்வொரு பதிப்பிலும் சரிபார்ப்பவர் ஒரே ஒரு பெயரைத் தானே உண்டாக்கி உள்ளே போட வேண்டும். உலகத்தில் எங்குமே இல்லாத பெயர், இல்லாத பொருள், இல்லாத மக்கள். அதை ஒரு தாளில் எழுதி, எங்கள் முகவரிக்கே தபாலில் அனுப்பி, அஞ்சல் முத்திரையோடு பிரிக்காமல் ஆசிரியரின் அலமாரியில் பூட்டி வைப்போம். பின்னால் வேறு யார் புத்தகத்திலாவது அந்தப் பெயர் தென்பட்டால், கையும் களவுமாகப் பிடித்த மாதிரி. அதற்குப் பெயர் பொறி.

பக்கம் 214-இல் நான்காவது பெயர் என்னுடைய பொறி. ஆற்றங்கரை மக்கள் என்று யாரும் இல்லை, நான்தான் எழுதினேன். நீங்கள் கண்டுபிடித்தது மூன்று சான்று இல்லை அண்ணி, மூன்று திருடர்கள். ஒருவன் படகைச் சேர்த்திருக்கிறான், ஒருவன் அரசிக்கு முடிசூட்டியே விட்டான்.

எலிக்கு வைத்த பொறியில் வீட்டுப் பிள்ளை கை வைக்கும் என்று நான் நினைத்தே பார்க்கவில்லை. நாலாயிரத்து இருநூறு பெயர் இருக்கிறது. பொய் ஒன்றே ஒன்றுதான் நான் எழுதியது. அதைப் போய் எடுத்திருக்கிறீர்கள். அன்றைக்கு அந்தச் சட்டத்தில் நான் எழுதிய பொய்யையே படித்தேன், அதனால்தான் கிளம்பினேன்.

தயவுசெய்து வேறு பெயர் வையுங்கள்.


மார்ச் 21

உனக்கு,

கடிதத்தை இரண்டு தடவை படித்தேன். இரண்டாவது தடவை நின்றுகொண்டு படித்தேன், உட்கார முடியவில்லை.

திருடனைப் பிடிக்கிறீர்களாம். திருடன் எவனாவது தன் பிள்ளைக்கு அந்தப் புத்தகத்தைப் பார்த்துப் பெயர் வைப்பானா? என்னை மாதிரி ஆட்கள்தான் வைப்பார்கள். வயிற்றைத் தடவிக்கொண்டு, பக்கம் பக்கமாகப் புரட்டி, பென்சிலால் சுழித்து, கணவனைக் கூப்பிட்டுக் காட்டுகிற ஆட்கள். உங்கள் தொழிலுக்குள் நடக்கிற சண்டைக்கு நடுவில் எங்கள் பிள்ளைகள்தான் கிடைத்தார்களா? இதை உன் ஆசிரியர் படித்தாலும் எனக்குக் கவலை இல்லை. படிக்கட்டும்.

இன்னொன்றும் கேட்கிறேன். நான்கு வருடமாகக் கேட்காமல் பல்லைக் கடித்துக்கொண்டு இருந்தேன், இப்போது கேட்கிறேன். என் முதல் பெண் பிறந்து அழாமலே போன அன்றைக்கு நீ ஏன் ஆஸ்பத்திரிக்கு வரவில்லை? உன் அண்ணனிடம் கேட்டபோது, அவளுக்கு அச்சுக்குப் போகிற புத்தகம் என்றார். எல்லோரும் வந்தார்கள், பக்கத்து வீட்டுக்காரர் வந்தார், எங்கள் கடை முதலாளி வந்தார், நீ வரவில்லை. பிறகும் ஒரு வார்த்தை, ஒரே ஒரு வார்த்தை நீ அவளைப் பற்றிப் பேசியது கிடையாது. நம் வீட்டில் யாருமே பேசியது கிடையாது. அவள் பிறக்கவே இல்லை என்கிற மாதிரி இருந்துவிட்டீர்கள்.

அன்றைக்கு அச்சுக்குப் போன புத்தகம் இதுதானா? என் பிள்ளை போன அன்றைக்கு நீ உட்கார்ந்து பொய்ப் பெயர் ஜோடித்துக்கொண்டு இருந்தாயா? ஆமாம் என்றால் இனி என் வீட்டுப் படி ஏறாதே.


மார்ச் 27

அன்புள்ள அண்ணிக்கு,

ஆமாம். அந்தப் புத்தகம்தான். அன்றைக்குத்தான்.

படி ஏறக் கூடாது என்றால் ஏறவில்லை. இதை மட்டும் படித்துவிடுங்கள்.

நான் வந்தேன் அண்ணி. காலை பத்தரைக்கு, அன்று சாயங்காலம் அச்சகத்துக்குக் கொடுக்க வேண்டிய மெய்ப்புக் கட்டோடு நேராக ஆஸ்பத்திரிக்கு வந்தேன். அறைக்கு வெளியே பச்சை நிற பெஞ்சு ஒன்று, ஒரு கால் ஆடும், அதில் மாலை நாலு மணி வரை உட்கார்ந்திருந்தேன். நீங்கள் அப்போது யாரையுமே உள்ளே விடாதே என்று சொல்லியிருந்தீர்கள் என்று அண்ணன் சொன்னார். மற்றவர்களெல்லாம் மறுநாள் வந்தவர்கள். நான் போகும்போது, வந்ததை அண்ணியிடம் சொல்ல வேண்டாம் என்று அண்ணனிடம் கேட்டுக்கொண்டேன். வந்தும் உள்ளே வராமல் போனாள் என்று நினைப்பீர்களே என்று பயம். வராமலே இருந்தாள் என்று நினைப்பீர்கள் என்று எனக்கு உறைக்கவில்லை. நான் செய்ததிலேயே பெரிய பிழை அதுதான்.

மதியம் ஒரு நர்ஸ் படிவம் ஒன்றைக் கொண்டுவந்தார். அண்ணன் நின்றபடியே பதில் சொன்னார், அவர் எழுதினார். தாய், தந்தை, எடை, நேரம். பெயர் என்ற கட்டத்துக்கு வந்ததும் அண்ணனை நிமிர்ந்து பார்த்தார். "வைக்கலம்மா" என்றார் அண்ணன். அந்த நர்ஸ் கட்டத்தில் ஒரு கோடு இழுத்துவிட்டு அடுத்த கேள்விக்குப் போய்விட்டார். அவர் மேல் தப்பில்லை. ஆனால் அந்தக் கோட்டைப் பார்த்து எனக்கு வந்த கோபம் இன்னும் அடங்கவில்லை. கோடு இழுக்கிற வேலை என்னுடையது. சான்று இல்லாததற்குத்தான் நான் கோடு இழுப்பேன். அவளுக்கு எடை இருந்தது, நேரம் இருந்தது, அப்பா அம்மா இருந்தார்கள்.

மடியில் மெய்ப்புக் கட்டு இருந்தது. பொறிக்கான இடம் மட்டும் காலியாக விட்டிருந்தேன், சாயங்காலத்துக்குள் நிரப்ப வேண்டும். அந்த பெஞ்சில் உட்கார்ந்து நிரப்பினேன். பெயரை உண்டாக்கினேன். பொருள் என்ற இடத்தில் 'மீண்டும் வருகிறவள்' என்று எழுதினேன், அப்போது எனக்கு அதைத் தவிர வேறு ஆசை இல்லை. அவளை நேராக அழைக்கத் தைரியம் இல்லாமல் அச்சில் ஏற்றினேன். அது பொறியும்கூட என்பது உண்மை. என் வேலைக்கும் என் துக்கத்துக்கும் ஒரே வரியைப் பயன்படுத்திக்கொண்டேன், அதற்கு நீங்கள் என்ன திட்டினாலும் தகும்.

போன வாரம் ஆசிரியரிடம் எல்லாவற்றையும் சொல்லிவிட்டேன். வேலையை விட்டு எடுப்பார் என்று நினைத்தேன். அவர் உங்கள் சீட்டைப் பார்த்துக் கையைத் தேய்த்துக்கொண்டார். மூன்று பதிப்பகங்களுக்கும் வக்கீல் கடிதம் போகிறதாம். அதற்கு நான் ஒரு அறிக்கை கொடுக்க வேண்டும். 'இது பொருளற்ற, கற்பனையான, பொய்யான பெயர்' என்று அவரே தட்டச்சு செய்து வைத்திருந்தார். கையெழுத்துப் போட மாட்டேன் என்றேன். பொய் என்று நீதானே எழுதினாய் என்றார். அந்த மூன்று வார்த்தையையும் அடித்துவிட்டு நானே வேறு எழுதிக் கொடுத்தேன். 'இந்தப் பெயரை இன்ன தேதியில், என் அண்ணனின் முதல் குழந்தைக்காக நான் உண்டாக்கினேன். எங்கள் குடும்பத்தைத் தவிர வேறு எங்கும் இது கிடைக்க வழியில்லை.' அவர் அதைப் படித்தார். பிறகு, வக்கீல் முன்னால் உறையைப் பிரித்து, நகல் மட்டும் வைத்துக்கொண்டு, உறையையும் தாளையும் என்னிடமே கொடுத்துவிட்டார்.

அந்த உறையையும் தாளையும் அறிக்கையின் நகலையும் இதோடு அனுப்புகிறேன். உறையில் அஞ்சல் முத்திரை தெளிவாக இருக்கிறது, தேதியைப் பாருங்கள். மேற்கொண்டு சொல்ல என்னிடம் ஒன்றும் இல்லை.


ஏப்ரல் 2

பூதக்கண்ணாடிக்கு,

தேதியைப் பார்த்தேன். கடையில் பெரிய விளக்குக்குக் கீழே வைத்துப் பார்த்தேன். உன் அண்ணனையும் உட்கார வைத்து விசாரித்தேன். ஆடுகிற பெஞ்சு வரைக்கும் ஒத்துக்கொண்டார். நான்கு வருடம் ஒரு மனிதர் இதை மனதில் வைத்துக்கொண்டு என்னோடு தினமும் சாப்பிட்டிருக்கிறார். அவரிடம் இரண்டு நாளாகப் பேசவில்லை, அது வேறு கணக்கு.

உன் மேலும் கோபம் தீரவில்லை. முதலில் உன் அறிக்கையில் ஒரு பிழை. 'என் அண்ணனின் முதல் குழந்தை' என்று எழுதியிருக்கிறாய். அண்ணன் மட்டுமா பெற்றார்? எட்டரை மாதம் சுமந்தவள் எங்கே போனாள்? நாலாயிரம் பெயரைச் சரிபார்க்கிறவளுக்கு இது கண்ணில் படவில்லை. திருத்தி எழுதி மறுபடி கொடு.

இரண்டாவது. நீ பெயர் பொய் என்றாய், நான் நிஜம் என்றேன். இரண்டு பேரும் தப்பு. அது பொய்ப் பெயர் இல்லை. ஆள் மாறிப் போன பெயர். நீ அதை யாருக்கு வைத்தாயோ அவளுக்குத்தான் அது சொந்தம், அவளுடைய தங்கைக்கு எடுத்துக் கொடுக்க எனக்கு உரிமை இல்லை. இந்தப் பிள்ளை மீண்டும் வந்தவளும் இல்லை. ஐந்து மாதமாகப் பார்க்கிறேன், இவள் வேறு ஆள். முதல் தடவையாக வந்தவள். அக்காவின் பொருளை இவள் தலையில் கட்டப் பார்த்தேனே என்று இப்போது என் மேலேயே ஆத்திரமாக இருக்கிறது.

நேற்று அந்தப் பழைய ஃபைலை எடுத்தேன். படிவத்தின் நகல் இருந்தது, நீ சொன்ன கோடும் இருந்தது. பதிவு அலுவலகத்துக்குக் கொண்டுபோனேன். இதில் இனிமேல் எதையும் சேர்க்க முடியாது என்றார் அங்கே இருந்தவர். ஏன் முடியாது என்று சத்தம் போட்டேன், வரிசையில் நின்றவர்கள் எல்லாம் திரும்பிப் பார்த்தார்கள். முடியாது என்றால் முடியாதுதான். வெளியே வந்து படிக்கட்டில் உட்கார்ந்து பையில் பேனா தேடினேன். லென்சில் குறி போடுகிற பேனாதான் முதலில் கைக்கு வந்தது, அது துடைத்தால் போய்விடும். நீலப் பேனாவைத் தேடி எடுத்து, அந்தக் கோட்டுக்கு மேலேயே அவள் பெயரை எழுதினேன். மூன்று எழுத்துதான், கட்டத்துக்குள் சரியாக அடங்கியது. நான்கு வருடமாக என் பெண்ணுக்கு யாருமே பெயர் வைக்கவில்லை என்று உங்கள் எல்லோர் மேலும் கோபமாக இருந்தேன். அன்றைக்கே வைத்திருக்கிறாய், எழுத்தில், தேதியோடு, அஞ்சல் முத்திரையோடு. என்னிடம் மட்டும் சொல்லவில்லை.

மூன்றாவது. உன் புதுப் பதிப்பிலிருந்து அதை எடுத்துவிடு. சான்று இல்லை என்று எடுக்காதே. அது என் மூத்த பெண்ணின் பெயர், கடையில் புத்தகம் வாங்குகிறவர்களுக்கெல்லாம் எடுத்துக் கொடுக்கிற பெயர் இல்லை, அதனால் எடு. உன் ஆசிரியருக்குப் பொறி வேண்டுமென்றால் பூனைக்கு ஒரு பெயரை ஜோடித்து வைத்துக்கொள்ளட்டும். அந்த மூன்று திருடர்களிடமும் நீக்கச் சொல்லி வக்கீல் கடிதத்தில் எழுது, அரசியை முக்கியமாக.

சின்னவளுக்குப் பெயர் இல்லாமல் கெடு ஓடிக்கொண்டிருக்கிறது, இன்னும் எட்டு நாள்தான். ஞாயிற்றுக்கிழமை வா. இரண்டு சான்றோடு ஒரு பெயர் கொண்டு வா. பனியும் மலரும் நாணமும் வேண்டாம், நிஜமாக இருந்தால் போதும். பேனாவோடு வா, என் கண் முன்னால் பச்சை மையில் குறி போட்டுவிட்டுத்தான் போக வேண்டும்.

சுவரில் அந்தச் சட்டத்தைத் திருப்பி மாட்டிவிட்டேன், மூத்தவளுடையதாக. அதைப் படித்துவிட்டு ஓடாதே. இந்தத் தடவை உட்கார்ந்து சாப்பிட்டுவிட்டுப் போ.

இரண்டு பெண்களின் அம்மா